எழுத்து அட்டை இல்லாத படத்தில் எழுத்தாளர் எங்கே இருக்கிறார்? – கார்ல் மையர் குறித்து

விளக்குத்தூண்:

ஜெர்மன் மௌனப்படங்களைப் பற்றி நம்மிடையே பேச்சு எழும்போதெல்லாம் முர்னாவ், லாங், பாப்ஸ்ட் என்று இயக்குநர்களின் பெயர்களே வரிசையாக வருகின்றன. அந்தப் படங்களில் கணிசமானவற்றை எழுதிய ஒருவரைப் பற்றி இங்கே தனியாக ஓர் இழை இல்லாதது எனக்கு நெடுநாளாகவே குறையாகத் தோன்றி வந்ததால், இதைத் தொடங்குகிறேன். அவர் கார்ல் மையர். தமிழில் 'மேயர்' என்றும் எழுதுகிறார்கள். அப்படி எழுதினால் மாநகராட்சித் தலைவர் நினைவுக்கு வந்துவிடுகிறார் என்பதாலும், ஜெர்மானியர் உச்சரிப்பது 'மையர்' என்பதாலும் நான் இப்படியே எழுதப் போகிறேன்.

1894ஆம் ஆண்டு நவம்பரில் ஆஸ்திரியாவின் கிராட்ஸ் நகரில் பிறந்தவர். சூதாட்டத்தில் வென்றே தீருவதற்கு ஒரு கணக்கு முறையைக் கண்டுபிடித்துவிட்டதாக நம்பிய அவருடைய தந்தை, சொத்தையெல்லாம் விற்றுக்கொண்டு மான்டி கார்லோவுக்குப் போய், எல்லாவற்றையும் இழந்து திரும்பி, பின்னர் தற்கொலை செய்துகொண்டார் என்று ஜெர்மன் திரைப்பட வரலாற்றை எழுதிய சீக்ஃப்ரீட் கிராக்கவர் எழுதுகிறார். பதினாறு வயதில் தம்பிமாருடன் தெருவுக்கு வந்துவிட்ட மையர், காற்றழுத்தமானி விற்றும், குழுப்பாடகராகப் பாடியும், நாட்டுப்புற நாடக மேடைகளில் சிறு வேடமிட்டும் பிழைத்தாராம்.

'டாக்டர் காலிகாரியின் பெட்டகம்' (1920), 'சில்லுகள்' (1921), 'பின்படிக்கட்டு' (1921), 'சில்வெஸ்டர்' (1924), 'கடைசி மனிதன்' (1924), 'சூரியோதயம்' (1927) ஆகிய ஆறு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கு, ஐந்து வெவ்வேறு இயக்குநர்கள் எடுத்த படங்களைப் பார்க்கிறோம் என்ற எண்ணம் எழாது. ஒரே மனம் எழுதியதாகவே அவை தோன்றும். அந்த மனத்தைப் பற்றிப் பேச விரும்புகிறேன்.

ஆற்றங்கரையான்:

வணக்கம், விளக்குத்தூண் ஐயா. தங்கள் ஆர்வத்தை மதிக்கிறேன். ஆனால் தொடக்கத்திலேயே ஒரு தடையை முன்வைக்க வேண்டியிருக்கிறது. மௌனப்படத்தில் வசனம் கிடையாது. மையர் புகழ்பெற்றதோ, காட்சிகளுக்கு நடுவே வசனத்தையும் விளக்கத்தையும் எழுதிக் காட்டும் எழுத்து அட்டைகளையும் ஏறக்குறைய முற்றாக நீக்கியதற்காக. வசனமும் இல்லை, அட்டையும் இல்லை. கதையோ, நீங்கள் பட்டியலிட்டுள்ள படங்களில், ஓர் அஞ்சலட்டையில் எழுதிவிடக்கூடிய அளவு சிறியது. ரயில் பாதைக் காவலரின் மகளை மேற்பார்வையாளர் கெடுக்கிறார், தந்தை அவரைக் கொல்கிறார்: 'சில்லுகள்' முடிந்தது. அப்படியிருக்க, திரையில் நாம் காண்பதில் எழுத்தாளருடையது என்று எதைச் சுட்டுவீர்கள்? ஒளியும் நடிப்பும் நடையும் இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் உரியவை அல்லவா?

மரப்பாச்சி:

ஆற்றங்கரையான் அவர்களின் கேள்விக்கு விடை சொல்ல, படங்களை விட்டுவிட்டு எழுத்துப் பிரதியிடமே போகலாம் என்று நினைக்கிறேன். மையர் எழுதியவற்றுள் 'சில்வெஸ்டர்' திரைக்கதை, படம் வெளிவந்த 1924ஆம் ஆண்டிலேயே பொட்ஸ்டாமில் கீபன்ஹாயர் பதிப்பகத்தால் நூலாக வெளியிடப்பட்டது. திரைக்கதை என்பது படப்பிடிப்பு முடிந்ததும் குப்பைக்குப் போகும் தாள் என்று கருதப்பட்ட காலத்தில் இது அரிதான செயல். ஜெர்மன் மொழியை ஓரளவு படிக்கத் தெரிந்தவள் என்ற முறையில், அந்த எழுத்தின் தன்மையைச் சொல்ல முயல்கிறேன்.

முதலில் கண்ணில் படுவது, அது பார்ப்பதற்குக் கவிதை போல் இருக்கிறது என்பதே. வரிகள் குட்டையாக உடைக்கப்பட்டிருக்கும். ஒற்றைச் சொல்லே ஒரு வாக்கியமாக நின்று, அதன்பின் ஆச்சரியக்குறியோ முக்காற்புள்ளியோ வரும். ஜெர்மன் மொழியில் 'உண்ட்' என்பது இரண்டை இணைக்கும் சிறு சொல். அதைத் தன்னந்தனியாக ஒரு வரியில் நிறுத்திவிடுவார். 'இப்போது' என்பதற்கும் அதே நிலை. வினைச்சொல்லை வழக்கமான இடத்திலிருந்து பிடுங்கி முன்னே வைப்பார். இலக்கணப்படி பார்த்தால் பாதி வாக்கியங்கள் முடியவே முடியா. ஒரு வரியைப் படிக்க நமக்கு ஆகும் நேரமும், அடுத்த வரிக்குப் போகும்முன் நாம் தயங்கும் நேரமும், திரையில் அந்தக் காட்சி நீடிக்க வேண்டிய நேரத்தை நமக்குள் ஏற்படுத்திவிடுகின்றன. நடிகர் எவ்வளவு மெதுவாகத் தலையைத் திருப்ப வேண்டும் என்று அவர் விவரித்து எழுதுவதில்லை. அந்த மெதுவை வரியமைப்பிலேயே வைத்துவிடுகிறார்.

அந்த நூலின் துணைத்தலைப்பில் வரும் 'லிஷ்ட்ஷ்பீல்' என்ற சொல் அன்றைய ஜெர்மனியில் திரைப்படத்துக்கு வழங்கிய சாதாரணப் பெயர். பிரித்தால் 'ஒளியாட்டம்' என்று வரும். மையர் அதைச் சொல்லுக்குச் சொல் அப்படியே எடுத்துக்கொண்டார் என்பது என் கருத்து. எது இருளில் இருக்கிறது, எது வெளிச்சத்துக்கு வருகிறது என்பது அவருடைய பக்கங்களில் கதைச் சம்பவத்துக்குச் சமமான இடம் பெறுகிறது.

ஆற்றங்கரையான்:

நல்ல விளக்கம், மரப்பாச்சி அவர்களே, நன்றி. எனினும் காகிதத்தில் அழகாக எழுதப்பட்டிருக்கிறது என்பது திரையில் அது வந்து சேர்ந்தது என்பதற்குச் சான்றாகாது. இயக்குநர் அந்த ஆச்சரியக்குறிகளைப் புறக்கணித்திருக்கலாம்.

புதுக்குடம்:

நான் இத்துறைக்குப் புதியவன். காலிகாரி படம் ஒன்றை மட்டுமே பார்த்திருக்கிறேன். அதன் இறுதியில் கதை சொன்னவனே மனநோயாளி என்று திருப்பிவிடுவது எழுத்தாளர்களின் விருப்பத்துக்கு எதிராகச் செய்யப்பட்டது என்று எங்கோ படித்தேன். அது உண்மைதானா? பெரியவர்கள் விளக்கினால் நன்றி உடையவனாவேன்.

விளக்குத்தூண்:

உண்மை, புதுக்குடம். மையரும், பொஹீமியாவில் பிறந்து போரில் அதிகாரியாகப் பணியாற்றித் திரும்பிய ஹான்ஸ் யானோவிட்ஸும் சேர்ந்து அதை எழுதினார்கள். போர்க்காலத்தில் இராணுவ மனநல மருத்துவரிடம் திரும்பத் திரும்ப விசாரணைக்கு நிறுத்தப்பட்ட அனுபவம் மையருக்கு இருந்தது. ஹாம்பர்க் நகரின் ஹோல்ஸ்டன்வால் பகுதியில் நடந்த ஒரு கொலையின் நினைவு யானோவிட்ஸை விடாமல் துரத்தியது; படத்தில் வரும் ஊருக்கு அந்தப் பெயரே வைக்கப்பட்டிருப்பதைக் கவனியுங்கள். உறங்குபவனைக் கொலைக்கு அனுப்பும் மருத்துவர் என்பது, இளைஞர்களைச் சாகவும் கொல்லவும் அனுப்பிய அதிகாரத்தின் உருவகம். டெக்லா படநிறுவனத்தின் தயாரிப்பாளர் எரிக் பொம்மர் கதையை வாங்கினார். இயக்குநர் ரோபர்ட் வீனெ அதற்கு ஒரு சட்டகக் கதையை, அதாவது முழுக் கதையையும் ஒருவர் சொல்வதாகக் காட்டும் வெளிக்கதையை, சேர்த்து, அதிகாரத்தைக் குற்றம் சாட்டியவனையே பைத்தியக்காரனாக்கிவிட்டார். எழுத்தாளர்கள் கடுமையாக எதிர்த்தும் பயனில்லை. புரட்சிகரமான ஒரு கதை அடிபணியும் கதையாக மாற்றப்பட்டது என்று கிராக்கவர் 1947இல் வெளியிட்ட நூலில் விரிவாக வாதிடுகிறார்.

மரப்பாச்சி:

விளக்குத்தூண் ஐயா மன்னிக்க வேண்டும். இந்த வரலாற்றை இப்படியே விட்டுவிடலாகாது.

கிராக்கவர் அந்தப் பகுதியை எழுதியபோது அவருக்குக் கிடைத்த முதன்மையான ஆதாரம், யானோவிட்ஸ் பல ஆண்டுகளுக்குப் பிறகு எழுதி வைத்திருந்த தட்டச்சுப் பிரதி. மூலத் திரைக்கதையைக் கிராக்கவர் பார்க்கவில்லை. அதன் ஒரு படி, காலிகாரியாக நடித்த வெர்னர் கிராவ்ஸிடம் இருந்தது. அவர் மறைவுக்குப் பின் 1970களில் பெர்லினின் திரைப்பட ஆவணக்காப்பகம் அதை வாங்கியது. 1995இல் அது முழுமையாக அச்சேறியது. அதைத் திறந்து பார்த்தால் தொடக்கத்திலேயே ஒரு சட்டகக் கதை இருக்கிறது! கதையைச் சொல்லும் நாயகன் ஃபிரான்சிஸும் நாயகி யேனும் திருமணமாகி நல்ல நிலையில் வாழ்கிறார்கள். பல ஆண்டுகளுக்கு முன் நடந்த கொடுமையை ஒரு மாலை விருந்தில் நண்பர்களுக்கு ஃபிரான்சிஸ் சொல்கிறார். இறுதியில் அந்தச் சட்டகம் மீண்டும் வருவதாக அப்பிரதியில் இல்லை.

எனவே, சட்டகம் என்ற உத்தியே வெளியிலிருந்து திணிக்கப்பட்டது என்று சொல்ல முடியாது. மனநோய் விடுதியில் முடியும் இப்போதைய சட்டகம் எழுத்தாளர்களின் பிரதியில் இல்லை என்பது மட்டுமே உறுதி. அந்த மாற்றத்தின் யோசனை தம்முடையது என்று ஃபிரிட்ஸ் லாங்கும் பின்னாளில் உரிமை கொண்டாடினார். இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். அந்தப் படத்தின் புகழுக்குக் காரணமான கோணல்மாணலான ஓவியச் சுவர்களைப் பற்றிய குறிப்பு திரைக்கதையில் கிடையாது. அது வார்ம், ரைமன், ரோரிக் என்ற மூன்று கலை வடிவமைப்பாளர்களின் ஆக்கம். மையரை உயர்த்துவதற்குக் காலிகாரி பொருத்தமான சான்றன்று.

விளக்குத்தூண்:

ஏற்றுக்கொள்கிறேன், அம்மா. கிராக்கவரை இருபது ஆண்டுகளுக்கு முன் படித்ததோடு நிறுத்திக்கொண்டதன் விளைவு இது. மேலே நான் எழுதியதைத் திருத்தாமல் அப்படியே விடுகிறேன். படிப்பவர்கள் தங்கள் பதிவையும் சேர்த்துப் படிக்கட்டும். அநீதி இழைக்கப்பட்ட எழுத்தாளர் என்ற சித்திரம் என் மனத்துக்கு உகந்ததாக இருந்ததால், சரிபார்க்கத் தோன்றவில்லை போலும்.

பழையசுருள்:

நான் ஒளிப்பதிவுத் துறையில் உதவியாளனாகப் பல ஆண்டுகள் உழைத்து ஓய்வுபெற்றவன். 'இயக்குநர் ஆச்சரியக்குறிகளைப் புறக்கணித்திருக்கலாம்' என்று ஆற்றங்கரையான் ஐயா எழுதியதற்கு என் தொழில் அறிவைக் கொண்டு பதில் சொல்கிறேன்.

'சில்வெஸ்டர்' ஒரே இரவில் நடக்கும் கதை, ஆண்டின் கடைசி இரவு. உணவு விடுதி நடத்தும் ஒருவர், அவருடைய மனைவி, இருவருக்கும் இடையே வந்து அமரும் அவருடைய தாய். இரு பெண்களின் பொறாமைக்கு நடுவே சிக்கியவர், நள்ளிரவில் உயிரை மாய்த்துக்கொள்கிறார். நம் வீடுகளில் நடக்காத கதையா என்று கேட்கத் தோன்றும். அது வேறு பேச்சு. இந்த அறைக்கு வெளியே சதுக்கத்தில் கூட்டம் கொண்டாடுகிறது. அதற்கும் அப்பால் கல்லறைத் தோட்டமும் கடலும் காட்டப்படுகின்றன. அறைக்கும் சதுக்கத்துக்கும் இடையே கேமரா நகர வேண்டும் என்பதை மையர் திரைக்கதையிலேயே எழுதியிருக்கிறார். கேமராவை முக்காலியில் ஊன்றிவிட்டு நடிகரை அதன் முன்னால் நடக்கவிடுவது பொதுவழக்கமாக இருந்த காலம் அது. ஒளிப்பதிவாளர்களில் ஒருவரான கிடோ சீபர், கேமராவை நகர்த்தும் ஏற்பாட்டைச் செய்தார். ஒரு தொழில்நுட்பத் தேவையை எழுத்தாளர் பக்கத்தில் முன்கூட்டியே எழுப்புகிறார். தொழில்நுட்பக் கலைஞர் அதற்கு விடை தேடுகிறார்.

அடுத்தது 'கடைசி மனிதன்', ஒரு ஹோட்டல் வாயிற்காவலரின் வீழ்ச்சிக் கதை. 'சில்லுகள்', 'சில்வெஸ்டர்' இரண்டையும் இயக்கிய லூபு பிக்கே இதையும் எடுப்பதாக இருந்தது. மையருக்கும் அவருக்கும் மனத்தாங்கல் ஏற்பட்டதால் படம் முர்னாவிடம் போயிற்று. எழுதும்போதே ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ன்டிடம் மையர் கலந்து பேசினார். முதல் காட்சியில் கேமரா ஹோட்டலின் மின்தூக்கியில் இறங்கி, கூடத்தைக் கடந்து, சுழல் கதவை நோக்கிப் போகிறது. ஃபிராய்ன்ட் இதற்காகக் கேமராவுடன் சைக்கிளில் அமர்ந்து மின்தூக்கியில் இறங்கியதாகச் சொல்வார்கள். வாயிற்காவலர் போதையில் தள்ளாடும் காட்சிக்குக் கேமராவை மார்பில் கட்டிக்கொண்டு அவரே தள்ளாடினார். 'கட்டவிழ்ந்த கேமரா' என்ற பெயர் இதனால்தான் வந்தது. அந்தக் கேமராவின் எடை தெரிந்தவர்களுக்கு அவருடைய தோள்வலியும் புரியும்.

கட்டை அவிழ்த்தவர் ஃபிராய்ன்ட். அவிழ்க்கச் சொல்லி வற்புறுத்தியதில் முர்னாவுக்குப் பெரும்பங்கு உண்டு. ஆனால் நகர்வு இல்லாமல் சொல்லவே முடியாத ஒரு கதையை, அட்டைகளை நீக்கிவிட்டு, அவர்கள் மேசைமேல் வைத்தவர் மையர். கண்தான் அந்தக் கதையைச் சொல்ல வேண்டும், வேறு வழியில்லை என்ற நெருக்கடியை அவர் உண்டாக்கினார்.

ஆற்றங்கரையான்:

பழையசுருள் ஐயாவின் பதிவு என் எதிர்ப்பைப் பாதி கரைத்துவிட்டது. மீதிப் பாதிக்காக இரண்டு செய்திகள்.

முதலாவது, 'கடைசி மனிதன்' எழுத்தே இல்லாத படம் என்று பலரும் எழுதுகிறார்கள். அது மிகை. வாயிற்காவலரைக் கழிவறைப் பணிக்கு இறக்கும் கடிதத்தை நாம் திரையில் படிக்கிறோம். இறுதியில் செய்தித்தாளைப் படிக்கிறோம். கதைக்குள் இருக்கும் தாள்களின் மீது எழுத்தை ஏற்றிவிட்டு, அட்டை இல்லை என்று பெருமை கொள்வதில் கொஞ்சம் தந்திரம் இருக்கிறது.

இரண்டாவது, அந்த முடிவு. சீருடை பறிக்கப்பட்டு, நிலவறைக் கழிவறையில் குறுகிக் கிடக்கும் முதியவரோடு படம் முடிந்திருக்க வேண்டும். திடீரென்று ஓர் அமெரிக்கக் கோடீஸ்வரர் அந்தக் கழிவறையில் உயிர்விட, அவருடைய சொத்தெல்லாம் நம் முதியவருக்கு வந்து சேர்கிறது. அவர் அதே ஹோட்டலில் அமர்ந்து விருந்துண்கிறார். இவ்வளவு கட்டுப்பாட்டோடு எழுதியவர் இதற்கு எப்படிச் சம்மதித்தார்?

விளக்குத்தூண்:

இரண்டாவது செய்தியைப் பற்றி நான் நெடுநாள் யோசித்திருக்கிறேன். கோடீஸ்வரர் வருவதற்குச் சற்று முன்னால், அந்தப் படத்தின் ஒரே எழுத்து அட்டை வருகிறது. அதன் சாரம் இது: கதை உண்மையில் இங்கேயே முடிந்திருக்க வேண்டும், வாழ்வில் இந்த முதியவருக்குச் சாவைத் தவிர எதிர்பார்க்க ஏதுமில்லை, ஆனால் எழுத்தாளர் அவர்மீது இரக்கம் கொண்டு, நம்பவே முடியாத ஒரு பின்னுரையைச் சேர்த்திருக்கிறார்.

படம் முழுவதும் ஒரு சொல்லைக்கூடப் பேசாத ஒருவர், ஒரே ஒருமுறை வாய் திறந்து, 'இனி வருவது பொய், நான் செய்த பொய்' என்று சொல்கிறார். எழுத்தாளர் என்ற சொல்லே அந்த அட்டையில் வருகிறது. இயக்குநர் என்றோ படநிறுவனம் என்றோ வரவில்லை. இந்த முடிவை விரும்பியவர்கள் யாராக இருந்தாலும், அதைத் திணிப்பாக இல்லாமல் கேலியாக மாற்றியது அந்த அட்டைதான். அதை எடுத்துவிட்டுப் பாருங்கள், படம் சாதாரண மங்கலமாக முடிந்துவிடும். அட்டை இருப்பதால், முதியவராக நடித்து, வயிறு வெடிக்க உண்ணும் எமில் யானிங்ஸைப் பார்த்து நம்மால் முழுமனத்தோடு மகிழ முடிவதில்லை. எனக்கு அந்த முடிவு பிடிக்கும் என்றே சொல்வேன். இதில் என்னோடு உடன்படாதவர்கள் பலர் இருப்பார்கள் என்பதும் தெரியும்.

முதலாவது செய்தியை அப்படியே ஒப்புக்கொள்கிறேன்.

பழையசுருள்:

அட்டையைப் பற்றிப் பேசும்போது 'சில்லுகள்' படத்தை விட்டுவிட வேண்டாம். அதில் கதாபாத்திரங்களுக்குப் பெயர்கூட இல்லை: காவலர், மனைவி, மகள், மேற்பார்வையாளர். மகளின் நிலையறிந்த தாய், இரவில் பனியில் வழிபாட்டுச் சிலையின் முன் மண்டியிட்டு உறைந்து இறந்துபோகிறார். கொலைக்குப் பிறகு தந்தை செந்நிற விளக்கை ஆட்டி விரைவு ரயிலை நிறுத்தி, 'நான் ஒரு கொலைகாரன்' என்கிறார். படத்தின் ஒரே அட்டை அது. அந்தச் செந்நிறம் படச்சுருளில் உண்மையாகவே நிறமேற்றிக் காட்டப்பட்டது. ரயிலை நிறுத்திய பிறகும் உள்ளே அமர்ந்திருக்கும் பயணிகள் அவரை ஏதோ வேடிக்கை போலத்தான் பார்க்கிறார்கள். ஒரு மனிதன் வாழ்நாள் முழுவதும் பேசாமல் இருந்து கடைசியில் சொன்ன ஒரே வாக்கியத்தைக் கேட்க ஆளில்லை.

மரப்பாச்சி:

'சூரியோதயம்' பற்றி யாரும் இன்னும் பேசவில்லை. ஹாலிவுட்டில் ஃபாக்ஸ் நிறுவனத்துக்காக முர்னாவ் எடுத்த படம். மையரை அழைத்தும் அவர் அமெரிக்காவுக்குப் போகவில்லை. ஐரோப்பாவில் இருந்தபடியே எழுதி அனுப்பினார். மூலம் ஹெர்மன் சூடர்மனின் 1917ஆம் ஆண்டுக் குறுங்கதை. அதில் மனைவியை நீரில் தள்ளத் திட்டமிட்ட கணவன் மனம் திருந்தி, திரும்பும் வழியில் அவளைக் காப்பாற்றிவிட்டுத் தான் மூழ்கிப்போகிறான். மையர் இருவரையும் பிழைக்க வைத்தார். மூலத்தில் பெயரும் ஊரும் உடைய மனிதர்கள், இவருடைய கையில் 'ஆண்', 'மனைவி', 'நகரத்துப் பெண்' என்று ஆகிவிடுகிறார்கள். 'சில்லுகள்' தொட்டு வரும் அதே பழக்கம்.

முர்னாவ் தம் கைப்படக் குறிப்பெழுதி வைத்திருந்த திரைக்கதைப் படி தப்பிப் பிழைத்தது. 1971இல் அது ஜெர்மனியில் அச்சாகவும் வந்தது. ஆற்றங்கரையான் அவர்கள் கேட்ட சான்றுக்கு இதைவிட நல்ல இடம் கிடையாது. எழுத்தாளரின் பக்கத்தையும், அதன் ஓரத்தில் இயக்குநர் அதை ஏற்றும் மாற்றியும் எழுதியதையும், திரையில் வந்ததையும் மூன்றாக வைத்து ஒப்பிடலாம். ஏற்றவை நிறைய, மாற்றியவையும் உண்டு. முர்னாவ் ஒரு பெரிய கலைஞர் என்பதை அதைப் படித்தபின் எவரும் மறுக்க மாட்டார். ஆனால் அந்த ஓரக்குறிப்புகளுக்கு நடுவே ஒரு பக்கம் இருந்தது.

1929இல் முதல் ஆஸ்கர் விழாவில் அப்படம் தனித்துவமான கலைப்படைப்புக்கான விருதையும், ஒளிப்பதிவு விருதையும் பெற்றது. ஜேனட் கேனர் பெற்ற நடிகை விருதுக்கான படங்களில் அதுவும் ஒன்று. எழுத்துக்கு ஒன்றும் இல்லை. அடுத்த முறை எழுத்துக்கான விருதை ஒரு ஜெர்மானியர், இயக்குநர் லூபிட்ச்சின் படங்களை எழுதிய ஹான்ஸ் கிரேலி, பெற்றார். ஆக ஜெர்மன் எழுத்தாளர்களைக் கண்டுகொள்ளவே இல்லை என்றும் புலம்ப முடியாது.

ஆற்றங்கரையான்:

'சூரியோதயம்' படத்தில் 'மூழ்கி' என்ற சொல் அட்டையிலேயே நீரில் அமிழ்வது போல் கீழே உருகி இறங்குமே, அது மையரின் யோசனையா?

மரப்பாச்சி:

அதை மையர் கணக்கில் எழுத எனக்குத் துணிவில்லை. படத்தின் அட்டைகளுக்கு ஹிலிகர், கால்ட்வெல் என்ற வேறு இருவரின் பெயர்கள் தரப்பட்டுள்ளன. ஒருமுறை சட்டகக் கதையில் சூடுபட்டோம், போதாதா?

புதுக்குடம்:

இவ்வளவு எழுதியவர் பிறகு என்ன ஆனார்?

விளக்குத்தூண்:

'பெர்லின்: பெருநகரத்தின் சிம்பொனி' (1927) என்ற புகழ்பெற்ற ஆவணப்படத்தின் மூல எண்ணம் மையருடையது. செட்டுகளில் நடக்கும் கதைகளில் சலித்துப்போய், தெருவுக்கு வர விரும்பினார். ஆனால் இயக்கிய வால்டர் ருட்மன், நகரத்தின் வேகத்தையும் வடிவங்களையும் கோத்துத் தாளமாக்கினாரே தவிர, அதில் வாழும் மனிதர்களுக்குள் போகவில்லை என்று கருதி, மையர் விலகிக்கொண்டார். படத்தின் தொடக்கத்தில் அவர் பெயர் இன்றும் இருக்கிறது.

பேசும்படம் வந்தபின் இயக்குநர் பால் சின்னருக்காகச் சில படங்களில் பணியாற்றினார். யூதரான அவருக்கு நாஜி ஜெர்மனியில் இடமில்லை, இங்கிலாந்துக்குப் போனார். அங்கே பால் ரோத்தா போன்ற ஆவணப்படக்காரர்களின் நட்பு கிடைத்தது. அவர்களுடைய படங்களுக்கு ஆலோசனை சொன்னார். தம் பெயரில் பெரிதாக எதுவும் செய்ய வாய்க்கவில்லை. 1944 ஜூலை முதல் நாள் லண்டனில் புற்றுநோயால் இறந்தார். வயது 49. ஹைகேட் கல்லறைத் தோட்டத்தில் இருக்கும் கல்லை, அவருடைய நண்பர்களும் உடன் உழைத்தவர்களும் சேர்ந்து நட்டார்கள்.

ஆற்றங்கரையான்:

நான் தொடங்கிய இடத்திலிருந்து சற்று நகர்ந்துவிட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். எனினும் ஒரு மனக்குறை நீங்கவில்லை. லூபு பிக்கின் கையில் மையரின் எழுத்து கனத்து, மூச்சுமுட்ட வைக்கிறது. 'பின்படிக்கட்டு' படத்திலோ, கடிதங்களை மறைத்து வைக்கும் தபால்காரராக ஃபிரிட்ஸ் கோர்ட்னர் நடிப்பது நாடக மேடையின் நடிப்பு. முர்னாவின் கையில்தான் அந்த எழுத்துக்குச் சிறகு முளைக்கிறது. ஒரே எழுத்து, மூன்று விளைவுகள். இதை எப்படி விளக்குவீர்கள்?

பழையசுருள்:

முழுதாக விளக்க முடியாது, ஐயா. 'பின்படிக்கட்டு' யெஸ்னர் என்ற மேடை இயக்குநரின் படம். இணை இயக்குநராகப் பால் லெனி உடனிருந்தும் மேடை வாசனை போகவில்லை. ஆயினும் பணிப்பெண் வராத கடிதத்துக்காக ஒவ்வொரு நாளும் அந்தப் படிக்கட்டில் நிற்கும் காட்சியை மட்டும், ஒலியை முழுவதும் அணைத்துவிட்டு, ஒருமுறை பாருங்கள். பிற்காலத்தில் சேர்க்கப்பட்ட பின்னணி இசை அந்தக் காத்திருப்பைக் குலைத்துவிடுகிறது.

மரப்பாச்சி:

'சில்வெஸ்டர்' பிரதியின் முதற்சில பக்கங்களைத் தமிழாக்கிப் பார்க்கலாமா என்று விளக்குத்தூண் ஐயா தனிமடலில் கேட்டிருந்தார். முயன்றேன். முதல் தடையே அந்தத் தனித்து நிற்கும் 'உண்ட்'. நம் மொழியில் அதற்கு நிகரான 'உம்' தனியே நிற்காது. இன்னொரு சொல்லின் முதுகில் ஏறித்தான் வரும். 'மேலும்' என்று போட்டால் அலுவலகக் கடிதம் போலிருக்கிறது. 'பிறகு' என்றால் காலம் நுழைந்துவிடுகிறது. இப்போதைக்கு அந்த இடங்களில் சொல்லே போடாமல் ஒரு வரியை வெறுமையாக விட்டிருக்கிறேன். நான்கு பக்கம் முடிந்திருக்கிறது. பிழை பார்த்தபின் இங்கேயே பகிர்கிறேன்.